அழைப்பது யார்? கைப்பேசி விளையாட்டு அழைப்புகளும் அவற்றை நிறுத்தும் முறையும்

அழைத்தல் என்பது தமிழர் வாழ்வில் சிறு செயலன்று. நம் தோட்டப்புறத்தில் ஒரு வீட்டில் திருமணம் என்றால், அவ்வீட்டார் தாம்பாளத்தில் வெற்றிலை பாக்கும் மஞ்சளும் குங்குமமும் வைத்துக்கொண்டு லயம் லயமாகச் சென்று, வாசலில் நின்று, பெயர் சொல்லி அழைப்பர். அழைப்பிதழ் அச்சிட்டு வழங்கும் வழக்கம் பெருகிவிட்ட பின்னும், நேரில் வந்து சொல்லாத அழைப்பை அழைப்பாகவே கொள்ளாத பெரியவர்கள் இன்றும் உளர். நன்மைக்கு அழைத்தால் போகவேண்டும். துக்கத்துக்குச் செய்தி காதில் விழுந்தாலே போகவேண்டும் என்பது நம்மவர் ஒழுக்கம். அழைப்பவர் தம் அன்பை அழைப்பில் வைக்கிறார். அழைக்கப்பட்டவர் தம் வருகையால் அவ்வன்பைக் காக்கிறார்.

இத்துணைப் பெருமை வாய்ந்த அழைப்பு என்னும் சொல், இன்று நம் கைப்பேசியில் படும் பாடு சொல்லுந்தரமன்று. வகுப்பில் பாடம் நடத்திக்கொண்டிருக்கும்போது மணி அடிக்கிறது. எடுத்துப் பார்த்தால், நம்மோடு முன்னொரு பள்ளியில் பணியாற்றிய ஆசிரியை ஒருவர் நம்மை மிட்டாய் உடைக்கும் விளையாட்டுக்கு அழைக்கிறார். இரவு பதினொரு மணிக்கு மீண்டும் மணி. நம் மைத்துனர் தம் பண்ணைக்கு ஒரு மாடு வேண்டுமென்று கேட்கிறார். மைத்துனருக்குப் பண்ணையும் இல்லை, மாடும் இல்லை. எல்லாம் திரைக்குள் இருக்கும் பண்ணையே.

இவ்வழைப்புகளை எவ்வாறு நிறுத்துவது என்று ஆசிரிய நண்பர் பலர் என்னிடம் கேட்டதுண்டு. நிறுத்தும் முறை அரிதன்று. சில நிமிடங்களில் முடிந்துவிடும். ஆயினும், முறையைக் கூறுமுன், அழைப்பது யார் என்னும் வினாவுக்கு விடை காணவேண்டும். அவ்விடை தெரியாமல் நிறுத்தப் புகுந்தால், நிறுத்தக் கூடாததை நிறுத்திவிடுவோம். அப்பிழையை நானே செய்தேன் ஆதலின், அதனை முதற்கண் சொல்லிவிடுகிறேன்.

என் பிழை

என்னிடம் படித்த மாணவர் ஒருவர். பால்மரம் சீவிய பெற்றோரின் பிள்ளை. படித்து முடித்து ஜொகூர் பக்கம் ஒரு தொழிற்சாலையில் வேலைக்கு அமர்ந்தார். அவர் தந்தையார் எங்கள் பள்ளிக்குச் செய்த உதவி மறக்கத் தக்கதன்று. பள்ளித் தோட்டத்தில் மாடு புகுந்து மேய்கிறது என்று ஒருநாள் நான் சொல்ல, அடுத்த ஞாயிற்றுக்கிழமையே தம் கையால் வேலி கட்டித் தந்தவர் அவர்.

நான் வேறு தோட்டப் பள்ளிக்கு மாறிச் சென்ற பின், எங்களிடையே இருந்த தொடர்பு ஒரு சமூக ஊடகத்தின் வழியாக மட்டுமே இருந்தது. என் தொலைபேசி எண்ணும் மாறியிருந்தது. 2021ஆம் ஆண்டில், நடமாட்டக் கட்டுப்பாடு நடந்துகொண்டிருந்த நாள்களில், அம்மாணவரின் பெயரில் நாளொன்றுக்கு மூன்று நான்கு விளையாட்டு அழைப்புகள் வரத் தொடங்கின. நள்ளிரவிலும் வந்தன. இல்லிருந்து பாடம் நடத்துவதற்கே கைப்பேசி போதாமல் திண்டாடிக்கொண்டிருந்த நேரம். "நன்றாகப் படித்த பையன் இப்படி வீணாகிவிட்டானே" என்று மனம் கசந்தேன். ஒருநாள் சினத்தோடு அவர் பெயரைத் தொட்டு, தடை செய்துவிட்டேன். அழைப்புகள் நின்றன. நிம்மதி என்று எண்ணினேன்.

மறு ஆண்டு, அவர் அன்னையார் தம் பேத்தியின் பதிவுக்காக எங்கள் பள்ளிக்கு வந்தார். வந்தவர் நாற்காலியில் அமராமல் நின்றபடியே, "ஐயா, எங்க வீட்டுக்காரரு தவறினப்போ தம்பி உங்களுக்குத்தான் மொதல்ல சொல்லணும்னு தவிச்சான். உங்க பேரையே காணோம்னு சொன்னான். எங்க மேல என்னங்கையா கோபம்?" என்று கேட்டார்.

வேலி கட்டித் தந்தவர் மறைந்த செய்தி எனக்கு ஓராண்டு கழித்துத் தெரிந்தது. தடை செய்யப்பட்டவர்க்கு, தடை செய்தவரின் கணக்கே கண்ணில் படாது. அவர் விடுக்கும் செய்தியும் வந்து சேராது. இன்ன காரணத்தால் தடை என்று யாரும் அவருக்குச் சொல்வதுமில்லை. பின்னர் அம்மாணவரோடு பேசியபோது இன்னொன்றும் தெரிந்தது. அவர் எந்த விளையாட்டும் ஆடவில்லை. வீட்டில் அடைபட்டுக் கிடந்த அவருடைய சிறு குழந்தை, தந்தையின் கைப்பேசியை வாங்கி ஆடியிருக்கிறது. எழுத்துக் கூட்டத் தெரியாத அக்குழந்தை, திரையில் மின்னிய பொத்தான்களையெல்லாம் தொட்டிருக்கிறது. தந்தையின் பெயரில் அழைப்புகள் பறந்திருக்கின்றன.

அழைத்தவர் யார் என்று நான் ஆராயவில்லை. அதுவே என் பிழை.

ஏவியவர் ஒருவர், பெயர் மற்றொருவருடையது

தமிழாசிரியர்களாகிய நமக்கு இதனை விளங்கிக்கொள்ள ஓர் எளிய வழி உண்டு. மூன்றாம் வேற்றுமைக்குக் கருவி, கருத்தா, உடனிகழ்ச்சி என்னும் பொருள்கள் உள என்று மாணவர்க்குக் கற்பிக்கிறோம். கருத்தாவை ஏவுதற் கருத்தா, இயற்றுதற் கருத்தா என இருவகையாகப் பிரிக்கிறோம். அரசனால் கோவில் கட்டப்பட்டது என்னும்போது அரசன் ஏவியவன். கல்லைத் தொட்டவன் அல்லன். தச்சனால் கட்டப்பட்டது என்னும்போது தச்சன் இயற்றியவன்.

இனி, "இன்னாரால் நீங்கள் விளையாட்டுக்கு அழைக்கப்படுகிறீர்கள்" என்று வரும் அறிவிப்பை இவ்விலக்கணங் கொண்டு பாருங்கள். ஏவுதற் கருத்தா விளையாட்டை ஆக்கி விற்கும் நிறுவனம். நம் நண்பர் அறிந்து பொத்தானை அழுத்தியிருந்தால், அவர் இயற்றுதற் கருத்தா. அறியாமல் அழுத்தியிருந்தால் கருத்தாவே அல்லர். கைப்பேசியைப் போல அவரும் ஒரு கருவியே. ஆனால், திரையில் தெரிவதோ அவர் பெயரும் படமும் மட்டுந்தான். ஏவியவர் மறைந்து நிற்கக் கருவியின் மேல் நாம் சினங்கொள்கிறோம்.

இம்முறை எங்ஙனம் தோன்றியது? முகநூல் 2004ஆம் ஆண்டில் அமெரிக்காவில் ஆர்வர்ட் பல்கலைக்கழக மாணவரிடையே தொடங்கியது. 2007ஆம் ஆண்டு மே மாதத்தில், வெளியார் ஆக்கிய செயலிகளும் முகநூலுக்குள் இயங்கலாம் என்று வாயில் திறக்கப்பட்டது. விளையாட்டு நிறுவனங்கள் அவ்வாயிலின் வழியே புகுந்தன. 2009ஆம் ஆண்டு சூன் மாதத்தில் சிங்கா நிறுவனம் வெளியிட்ட 'ஃபார்ம்வில்' என்னும் பண்ணை விளையாட்டு உலகெங்கும் பரவியது. 2012ஆம் ஆண்டில் கிங் நிறுவனத்தின் 'கேண்டி கிரஷ் சாகா' முதலில் முகநூலிலும், அவ்வாண்டின் இறுதியில் கைப்பேசியிலும் வந்தது.

அழைப்புத் தொல்லை எத்துணைப் பெரிதாயிற்று என்பதற்கு ஒரு சான்று போதும். 2015ஆம் ஆண்டு அக்டோபர் 28ஆம் நாள், முகநூலின் தலைவர் மார்க் சக்கர்பர்க் டில்லி இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தில் மாணவர் முன்னிலையில் வினாக்களுக்கு விடையளித்தார். மக்கள் முன்கூட்டியே அனுப்பிய வினாக்களுள் பேராதரவு பெற்றது யாது தெரியுமா? கேண்டி கிரஷ் அழைப்புகளை எப்படி நிறுத்துவது என்பதே. அவரும் அதனை ஒப்புக்கொண்டு, விளையாட்டே ஆடாதவர்க்கும் அழைப்பு அனுப்ப இடந்தரும் பழைய வசதியைச் சீர்செய்யும்படி உரியவரிடம் சொல்லியிருப்பதாக விடையிறுத்தார். அதன்பின் தொல்லை ஓரளவு தணிந்ததேயன்றி அற்றுப்போகவில்லை. பழைய ஃபார்ம்வில் 2020ஆம் ஆண்டின் கடைசி நாளோடு மூடப்பட்டது. ஆனால், அது காட்டிய வழியில் புதிய விளையாட்டுகள் வந்துகொண்டேயிருக்கின்றன.

அழைக்கத் தூண்டும் சூழ்ச்சி

நல்லவர்களும் ஏன் நமக்கு அழைப்பு அனுப்புகிறார்கள்? ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில் உளநூல் படித்தபோது தார்ண்டைக்கின் விளைவு விதியையும், ஸ்கின்னரின் வலுவூட்டல் கொள்கையையும் மனப்பாடம் செய்தோம். ஒரு செயலுக்குப் பின் இன்பம் விளைந்தால் அச்செயல் மீண்டும் நிகழும். அவ்வின்பம் எப்போது கிட்டும் என்று முன்னறிய முடியாதபோது அப்பழக்கம் மேலும் வலுப்பெறும் என்பது அவற்றின் சாரம். நாம் இதனை வகுப்பில் நல்வழக்கம் ஊட்டப் பயன்படுத்துகிறோம். விளையாட்டு நிறுவனங்கள் ஆட்டக்காரரைக் கட்டிவைக்கப் பயன்படுத்துகின்றன.

கேண்டி கிரஷ் விளையாட்டில் ஆடுபவர்க்கு ஐந்து உயிர்கள் தரப்படும். தோற்றால் ஓர் உயிர் போகும். போன உயிர் மீண்டும் வர 30 நிமிடம் காத்திருக்கவேண்டும். காத்திருக்க மனமில்லையா? காசு கொடுத்து வாங்கலாம்; அல்லது நண்பரிடம் கேட்டுப் பெறலாம். ஃபார்ம்வில்லிலோ, விதைத்த பயிரை உரிய நேரத்தில் அறுக்காவிட்டால் வாடிப்போகும். பண்ணையை விரிவாக்க அண்டை வீட்டார் வேண்டும். அண்டை வீட்டார் ஆவதற்கு நண்பரை அழைக்கவேண்டும்.

ஆடுபவரின் ஆவல் முற்றி நிற்கும் நேரம் பார்த்து நண்பர்களின் பெயர்ப் பட்டியல் திரையில் விரிகிறது. 'அனுப்பு' என்னும் பொத்தான் பெரிதாகவும் வண்ணமாகவும் இருக்கும். 'வேண்டா' என்பது ஓரத்தில் மங்கலாக இருக்கும். பெரியவர்களே தடுமாறும் இடத்தில் சிறுவர் என் செய்வர்? நிறுவனத்துக்கோ இது செலவில்லாத விளம்பரம். முன்பின் அறியாதவன் சொல்லும் சொல்லைவிட நண்பன் பெயரில் வரும் சொல் எளிதில் நம் மனத்துள் புகும். அந்த நம்பிக்கையே இங்கு விற்பனைப் பொருள்.

நிறுத்தும் முறை

நிற்க. இனி நிறுத்தும் முறையைக் காண்போம். விளையாட்டை நிறுத்துக, ஆளை நிறுத்தற்க என்பதே இதற்கு அடிப்படை விதி. எனவே, சிறிய தடையிலிருந்து தொடங்கிப் பெரிய தடைக்குப் போகவேண்டும். முகநூலை எடுத்துக்காட்டாகக் கொண்டு சொல்லுகிறேன். செயலி புதுப்பிக்கப்படும்போது பொத்தான்களின் இடம் மாறக்கூடும். அங்ஙனம் மாறியிருந்தால், அமைப்புப் பக்கத்தின் மேலேயுள்ள தேடற் கட்டத்தில் நான் கூறும் சொல்லைத் தட்டித் தேடுக.

முதலாவது, குறிப்பிட்ட அறிவிப்பை நிறுத்துதல். முகநூலில் மணி வடிவுள்ள குறியைத் தொட்டால் அறிவிப்புகள் வரிசையாகத் தோன்றும். விளையாட்டு அழைப்புக்குப் பக்கத்தில் மூன்று புள்ளிகள் இருக்கும். அவற்றைத் தொட்டால், அவ்வறிவிப்பை நீக்கவும் அத்தகையவற்றை இனிப் பெறாதிருக்கவும் வழிகள் காட்டப்படும். ஒரே விளையாட்டால் வரும் தொல்லைக்கு இதுவே போதும்.

இரண்டாவது, எல்லா விளையாட்டு அறிவிப்புகளையும் ஒருங்கே நிறுத்துதல். மூன்று கோடுகள் உள்ள குறியைத் தொட்டு, 'செட்டிங்ஸ்' என்னும் அமைப்புப் பகுதிக்குச் செல்க. மலாய் மொழியில் கைப்பேசியை அமைத்திருப்போர் 'தெத்தாப்பான்' என்னும் சொல்லைக் காண்பர். அதனுள் 'ஆப்ஸ் அண்ட் வெப்சைட்ஸ்' என்னும் பகுதி உண்டு. அங்கே விளையாட்டு, செயலி அறிவிப்புகள் வேண்டுமா, வேண்டாவா என்று கேட்கும் இடத்தில் வேண்டா என்பதைத் தேர்க. நண்பர் யாரும் இதனால் விலகார். அவர்கள் எழுதும் செய்திகள் வழக்கம்போல் வரும். பெரும்பாலார்க்கு நான் பரிந்துரைப்பது இதனையே.

அதே பகுதியில், செயலிகளையும் வலைத்தளங்களையும் விளையாட்டுகளையும் முற்றாக அணைத்துவிடும் வேறொரு பொத்தானும் உண்டு. அதனை அழுத்துமுன் ஒரு கணம் எண்ணுக. முகநூல் கணக்கைக் கொண்டு பிற செயலிகளுக்குள் நுழையும் பழக்கம் உங்களுக்கு இருந்தால், அவ்வழியும் அத்தோடு அடைபடும்.

மூன்றாவது, தடைப் பட்டியல். அமைப்புப் பகுதியில் 'பிளாக்கிங்' என்னும் தலைப்பின்கீழ் ஆளைத் தடுத்தல், செய்தியைத் தடுத்தல், செயலியைத் தடுத்தல் முதலியவை தனித்தனியே வைக்கப்பட்டுள்ளன. நம் கணக்கில் தோன்றும் பதிப்பில், ஒருவர் அனுப்பும் செயலி அழைப்புகளை மட்டும் தடுக்கும் பிரிவும் இருந்தால், அது மிகவும் பயனுடையது. அதில் நண்பரின் பெயரைச் சேர்த்தால், அவர் பெயரில் வரும் விளையாட்டு அழைப்பு நிற்கும்; அவர் நமக்கு எழுதுவது நிற்காது. 2021ஆம் ஆண்டில் இப்பிரிவுகளின் வேறுபாட்டை நான் அறிந்திருந்தால், ஓர் இறப்புச் செய்தியைத் தவறவிட்டிருக்க மாட்டேன். ஆளையே தடுப்பது இப்பட்டியலின் கடைசிப் படி. அதனை அன்பர்பால் செலுத்தாதீர்கள்.

நான்காவது, கைப்பேசியின் மணியை அடக்குதல். சில விளையாட்டுகள் சமூக ஊடகத்தை நாடாமல் தாமே மணியடித்து அழைக்கும். "உங்கள் உயிர்கள் நிரம்பிவிட்டன, வாருங்கள்" என்று கூப்பிடும். இவற்றைக் கைப்பேசியிலேயே நிறுத்தவேண்டும். ஆண்ட்ராய்டு வகைக் கைப்பேசியில், வந்த அறிவிப்பின் மேல் விரலைச் சற்றுநேரம் அழுத்தி வைத்தால், அதனை நிறுத்தும் வழி தோன்றும். 2017ஆம் ஆண்டில் வந்த ஆண்ட்ராய்டு 8 முதல், ஒரே செயலியின் அறிவிப்புகளுள் வேண்டியதை வைத்துக்கொண்டு வேண்டாததை மட்டும் அணைக்கும் வசதி உண்டு. 2022ஆம் ஆண்டில் வந்த ஆண்ட்ராய்டு 13 முதல், புதிதாக நிறுவப்படும் செயலி அறிவிப்பு அனுப்ப நம் இசைவைக் கேட்கவேண்டும். கேட்கும்போது மறுப்பதே அறிவுடைமை. ஐபோனில், அறிவிப்பை இடப்புறமாகத் தள்ளினால் அதனை அணைக்கும் வழி கிட்டும்.

ஐந்தாவது, புலனக் குழுக்கள். புலனம் என நாம் வழங்கும் வாட்ஸ்அப்பில் விளையாட்டு அழைப்பு வேறு வடிவத்தில் வருகிறது. முன்பின் அறியாத ஒருவர் நம்மைக் கேளாமலே ஒரு குழுவில் சேர்த்துவிடுவார். அதில் பரிசு விளையாட்டு, சூதாட்டம் ஆகியவற்றுக்கான இணைப்புகள் வந்து குவியும். 2019ஆம் ஆண்டு முதல் இதற்குத் தடுப்பு உண்டு. அமைப்புப் பகுதியில் 'பிரைவசி' என்பதைத் தொட்டு, அதில் 'குரூப்ஸ்' என்பதைத் திறந்து, என் தொடர்பில் உள்ளவர்கள் மட்டுமே என்னைக் குழுவில் சேர்க்கலாம் என்று அமைத்துவிடுக. அதன்பின் அந்நியர் நேரே சேர்க்க முடியாது.

இங்கு ஒரு வேறுபாட்டைக் கருதுக. அந்நிய எண்ணிலிருந்து இணைப்பு வந்தால், அதனைத் தொடாமல், அவ்வெண்ணையே தடுத்து, முறையிட்டு நீக்குவதுதான் முறை. அங்கே காக்க வேண்டிய உறவு ஏதும் இல்லை. அறிந்தவர் பெயரில் வந்தாலோ, விளையாட்டை மட்டும் தடுத்துவிட்டு, அவரைத் தொலைபேசியில் அழைத்து, "உங்கள் பெயரில் இப்படி வருகிறது, உங்களுக்குத் தெரியுமா?" என்று ஒரு சொல் கேட்பது நன்று. அவரே அறியாதிருக்கக்கூடும், அவர் கணக்கைப் பிறர் கவர்ந்திருக்கவும் கூடும்.

நம் பெயரில் போகும் அழைப்புகள்

நமக்கு வருவதை நிறுத்திவிட்டோம். நம் பெயரில் பிறர்க்குப் போவதை நிறுத்தினோமா? இதனை எண்ணுவோர் சிலரே.

கைப்பேசியிலிருந்து விளையாட்டை நீக்கிவிட்டால் எல்லாம் முடிந்தது என்று பலர் கருதுகிறார்கள். அது சரியன்று. விளையாட்டை நிறுவும்போது முகநூல் கணக்கோடு இணைத்திருந்தால், அவ்விணைப்பு முகநூலின் பக்கம் இன்னும் நிற்கும். கடையை மூடிய பின்னும் கணக்குப் புத்தகம் கடைக்காரரிடம் இருப்பதைப் போன்றது அது. மேலே கூறிய 'ஆப்ஸ் அண்ட் வெப்சைட்ஸ்' பகுதிக்குச் சென்றால், நாம் என்றோ இணைத்து மறந்த விளையாட்டுகளும் வினாடிவினாக்களும் வரிசையாக நிற்பதைக் காணலாம். ஒவ்வொன்றாகத் தொட்டு நீக்குக. என் கணக்கில் நான் பெயரே அறியாத விளையாட்டுகள் சில இருந்தன. என் பேரப்பிள்ளைகள் வந்துபோனதன் அடையாளம் அவை.

பிள்ளைகளுக்குக் கைப்பேசி கொடுக்க நேர்ந்தால், விளையாட்டைச் சமூக ஊடகக் கணக்கோடு இணைக்காமல் விருந்தினராக ஆடச் செய்க. தொடர்புப் பட்டியலைப் பார்க்க இசைவு கேட்டால் மறுத்துவிடுக. இவ்விரண்டையும் செய்தால், குழந்தை எப்பொத்தானை அழுத்தினாலும் நம் நண்பர்க்குத் தொல்லை போகாது.

இது வெறும் தொல்லையைப் பற்றிய செய்தி மட்டுமன்று. 2018ஆம் ஆண்டில் உலகறிய வெளிவந்த கேம்பிரிட்ஜ் அனலிட்டிக்கா விவகாரத்தை நினைவுகூர்க. அலெக்சாண்டர் கோகன் என்னும் ஆய்வாளர் ஆக்கிய ஆளுமைத் தேர்வுச் செயலி ஒன்றை ஏறத்தாழ 2 லட்சத்து 70 ஆயிரம் பேர் ஏற்றனர். ஆனால், அவர்கள் மட்டுமன்றி அவர்களின் நண்பர்களுடைய விவரங்களும் சேர்த்து, 8 கோடியே 70 லட்சம் பேர் வரையில் விவரம் போயிருக்கலாம் என்று முகநூல் நிறுவனமே அவ்வாண்டு ஏப்ரலில் அறிவித்தது. ஒருவர் ஒப்பியதால் அவரைச் சார்ந்த முந்நூறு பேர் பொருள் பறிகொடுத்த கதை இது. நண்பரின் விவரத்தை அங்ஙனம் எடுக்கும் வழி 2015ஆம் ஆண்டிலேயே அடைக்கப்பட்டுவிட்டது. எனினும், நாம் தரும் இசைவு நம்மோடு நிற்பதில்லை என்னும் பாடம் நிலைத்து நிற்கிறது. "முற்பிறப்பில் நீ எந்த நாட்டு அரசன்" என்று கேட்டுவரும் வினாடிவினாவைத் தொடுமுன் இதனை நினைத்துக்கொள்ளுங்கள்.

ஆசிரியர் செய்யத்தக்கது

2020ஆம் ஆண்டு மார்ச் 18ஆம் நாள் நம் நாட்டில் நடமாட்டக் கட்டுப்பாடு தொடங்கியது. பள்ளிகள் அடைபட்டன, இயங்கலை வகுப்புகள் வந்தன. அதுவரை கைப்பேசியை எட்டிப் பார்த்துக்கொண்டிருந்த தோட்டத்துப் பிள்ளைகளின் கையில் அது பாடநூலாகவே வந்து அமர்ந்தது. "பிள்ளைக்குப் போன் வாங்கிக் கொடுங்கள்" என்று பெற்றோரிடம் சொன்னவர்கள் நாமே. வாங்கிக் கொடுக்கச் சொன்ன நாம், அதனை ஆளும் முறையைச் சொல்லிக் கொடுத்தோமா? என்னளவில் சொல்லிக் கொடுக்கவில்லை என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

பெற்றோர் ஆசிரியர் சங்கக் கூட்டத்தில் அரைமணி நேரம் ஒதுக்கினால் போதும். இருபது பெற்றோரைத் தத்தம் கைப்பேசியை எடுக்கச் சொல்லி, மேற்கூறிய இரண்டாவது, ஐந்தாவது முறைகளை அங்கேயே செய்விக்கலாம். சொல்லி அனுப்பினால் வீட்டில் செய்யமாட்டார்கள். கையைப் பிடித்து எழுதப் பழக்குவதைப் போலச் செய்விக்கவேண்டும். எங்கள் பள்ளியில் இவ்வாறு செய்தபோது, எழுத்தறியாத பாட்டி ஒருவர், தம் கைப்பேசியில் ஓயாது ஒலித்த மணி நின்றதும், "ஐயா, இனிமே மணி அடிச்சா அது மனுசந்தான்" என்றார். நான் இத்துணை நீளமாக எழுதியதை அவ்வம்மையார் ஒரு வரியில் சொல்லிவிட்டார்.

வகுப்பிலும் இதற்கு இடமுண்டு. ஐந்தாம், ஆறாம் ஆண்டு மாணவர்க்குச் செய்வினை, செயப்பாட்டுவினை கற்பிக்கும்போது, பழைய எடுத்துக்காட்டுகளோடு இதனையும் கரும்பலகையில் எழுதலாம்: "நண்பனால் நான் விளையாட்டுக்கு அழைக்கப்பட்டேன்." இதில் உண்மையில் அழைத்தவர் யார்? ஏவியவர் யார்? கருவி எது? இவ்வழைப்பால் ஊதியம் பெறுபவர் யார்? மாணவர்கள் விடை காணட்டும். எழுவாயைத் தேடும் பழக்கம் ஏட்டில் நின்றுவிடாமல் வாழ்க்கைக்கும் வரட்டும். ஒரு செய்தியைக் கண்டவுடன் இதனைச் சொல்பவர் யார் என்று வினவும் பிள்ளை, விளையாட்டு அழைப்பில் மட்டுமன்று, வதந்தியிலும் சூதிலும் எளிதில் ஏமாறாது.

முடிவுரை

அன்னையார் வந்துபோன அன்று மாலையே அம்மாணவரின் பெயரைத் தடைப் பட்டியலிலிருந்து எடுத்தேன். தொலைபேசியில் அழைத்துப் பேசினேன். அடுத்த வாரம் அவர்கள் வீட்டுக்குச் சென்று, அவர் தந்தையாரின் படத்தின் முன் நின்றேன். ஓராண்டு தாழ்ந்து போன துக்கம் அது. அவர்கள் ஒன்றும் குறை சொல்லவில்லை. காப்பி கொடுத்து உபசரித்தார்கள். குழந்தை என் கைப்பேசியை வாங்கிப் பார்த்தது. விளையாட்டு ஒன்றும் இல்லாமையால் திருப்பிக் கொடுத்துவிட்டது.

தமிழாசிரிய அன்பர்களே! இன்றிரவு ஒரு கால்மணி நேரம் ஒதுக்கி உங்கள் கைப்பேசியைத் திறந்து பாருங்கள். விளையாட்டு அறிவிப்புகளை அணையுங்கள். இணைத்து மறந்த செயலிகளை நீக்குங்கள். குழுவில் சேர்க்கும் உரிமையை அறிந்தவர்க்கு மட்டும் கொடுங்கள். இவை முடிந்தபின் தடைப் பட்டியலையும் ஒருமுறை திறந்து, அதில் நிற்கும் பெயர்களைப் படியுங்கள். அங்கே, சினத்தில் அடைத்துவிட்டு மறந்துபோன உறவினரோ, நண்பரோ, மாணவரோ ஒருவர் இருந்தால், அவர் பெயரை எடுத்துவிட்டு, அவரை நீங்களே அழைத்துப் பேசுங்கள். அவ்வழைப்பை எந்த நிறுவனமும் உங்கள் பெயரில் அனுப்ப முடியாது.